தரவுக்கும் செயலிக்கும் இடையே ஒரு தூது

இறம்பொடை மலைச்சாரலில் கொழுந்து பறிப்பவரின் ஒரு நாள் உழைப்பு, செக்ரோல் ஏட்டில் விழும் ‘பேர்’ ஒன்றிலேயே நிலைபெறுகிறது என்பது நேயர்கள் அறிந்ததே. பேர் தவறின் கூலியும் தவறும். ஏட்டுக் கணக்கு கணினிக்கு ஏறினும் இவ்வுண்மை மாறுவதில்லை.

1970ஆம் ஆண்டில் ஐபிஎம் நிறுவன அறிஞர் எட்கர் காட், தரவுகளை அட்டவணைகளாக அமைக்கும் முறையை வெளியிட்டார். அதனைத் தழுவிப் பல நிறுவனங்கள் தரவுத்தளங்களை ஆக்கின. ஆயினும் ஒவ்வொன்றின் வாயிலும் வெவ்வேறு. ஒன்றுக்கென எழுதிய செயலி மற்றொன்றுக்கு உதவவில்லை. கணக்கை வைத்திருந்தவர், மென்பொருளை விற்றவருக்கே கட்டுப்பட்டார்.

இத்தளையைத் தளர்த்தவே 1992இல் மைக்ரோசாப்ட் நிறுவனம் ஓடிபிசி என்னும் பொது இடைமுகத்தை வெளியிட்டது. செயலி ஒரே வகையில் வேண்டுகோள் விடுக்கும். துரையின் மொழியையும் தொழிலாளர் மொழியையும் அறிந்த கங்காணியைப் போல, ‘டிரைவர்’ எனும் நூலகக் கோப்பு அதனை அந்தந்தத் தரவுத்தளத்திற்கு எடுத்துரைக்கும். செயலிகள் பலவும் அக்கோப்பைப் பொதுவில் பயன்படுத்தலாம்.

பொதுமையில் இடரும் உண்டு. புதிய செயலியொன்று பொதுக் கோப்பின் மேல் ஒவ்வாத பதிப்பை இட்டுவிட்டால், அதனை நம்பிய பிறவும் நின்றுவிடும். 1990களில் இத்தொல்லை மலிந்திருந்தது. தூது தவறினால், ஏட்டில் சரியாக விழுந்த பேரும் உரியவர் கைக்கு எட்டாது.