வாவியைக் கடக்கும் நன்னீர்

ஈழத்தின் கீழ்க்கரையில் ஏறத்தாழ 56 கிலோமீற்றர் நீண்டு கிடக்கும் மட்டக்களப்பு வாவி, நாட்டை இரு கரையாக வகுப்பது. ஞாயிறு எழும் பக்கம் எழுவான்கரை. படும் பக்கம் படுவான்கரை. பெருவயலும் குளங்களும் படுவான்கரைக்கு உரியன. மக்கட் செறிவோ எழுவான்கரையின் ஒடுங்கிய மணற்பரப்பிலேயே மிகுதி. இப்பகுதியின் குடிநீர் வரலாற்றுக்கு முடிச்சு இதுவே.

எழுவான்கரை மாந்தர் நெடுங்காலம் கிணற்றையே நம்பினர். மணலுட் புகுந்த மழைநீர் அடியிலுள்ள உவர்நீரின்மேல் மெல்லிய படையாக மிதந்து நிற்கும். அளவாக அள்ளின் நன்னீர், மிகையாக இறைப்பின் உவர். 2004 டிசெம்பர் 26இல் ஆழிப்பேரலை கல்லடி, நாவலடிப் பக்கத்தைத் தாக்கிக் கிணறுகளை உவராக்கியபோது அப்படையின் மென்மை வெளிப்பட்டது. பின்னர் உன்னிச்சைக் குளத்து நீர் குழாய்வழி கொண்டுவரப்பட்டது. கல்லடியை அடைய அந்நீர் வாவியைக் கடந்தே ஆகவேண்டும்.

நீரைக் கடந்து நீரைக் கொணரும் இவ்விடர் புதிதன்று. கிளாஸ்கோ நகரில், கிளைட் ஆற்றின் எதிர்க்கரை மணலில் வடிந்த தெளிநீரை நகர்ப்பக்கம் கொணர 1811 அளவில் வழி வகுத்தவர், நீராவிப் பொறியாற் புகழ்பெற்ற ஜேம்ஸ் வாட். மேடுபள்ளமான ஆற்றடியில் நேர்க்குழாய் பொருந்தாது. சிங்கி இறாலின் வாலை முன்மாதிரியாகக் கொண்டு, பந்தும் கிண்ணமும் போன்ற மூட்டுகளால் வளையும் இரும்புக் குழாயை அவர் அமைத்தார். வாவி இறாலை நாளும் உரிக்கும் மட்டக்களப்பாருக்கு இதனை விளக்க வரைபடம் வேண்டியதில்லை.

கப்பல் மலிந்த நீர்வழிகளில் இடர் இன்னும் பெரிது. நங்கூரம் குழாயைச் சிதைக்கும். நீர் நிரம்பாத குழாயோ மிதக்க முயலும். ஆதலின் அடித்தளத்தை அகழ்ந்து, கொங்கிறீற்றுப் போர்வையால் எடையேற்றி, குழாயைத் தாழ்த்தி மூடினர். அகழும் நாட்களில் கப்பற்போக்கு இடையூறுறும். 1971இல் கலிபோர்னியாவின் பஹாரோ ஆற்றின்கீழ், மார்ட்டின் செரிங்டன் ஒரு கரையிலிருந்து சாய்வாகத் துளையிட்டு மறுகரையில் வெளிப்படச் செய்தபின், நீர்ப்பரப்பைத் தொடாமலே குழாயிடும் முறை பரவலாயிற்று.

மட்டக்களப்பின் நிலை வேறு. 1602இல் ஒல்லாந்தக் கடலோடி ஸ்பில்பேர்கன் இக்கரையை அடைந்தார்; 1628இல் போர்த்துக்கேயர் புளியந்தீவிற் கோட்டை எழுப்பினர்; 1638இல் அது ஒல்லாந்தர் கைப்பட்டது. எனினும் மணல் அடைக்கும் முகத்துவாரமும் ஆழமின்மையும் பெருங்கப்பல்களைக் கடலிலேயே நிறுத்தின. வாவிக்குள் ஓடியவை தோணியும் வள்ளமுமே. எனவே 1924இல் கல்லடியிற் சீமாட்டி மனிங் பாலம் அமைந்தபோது அது கப்பலுக்காக உயர வேண்டியதில்லை. அத்தகைய தாழ்பாலம் ஊர்தியோடு குழாயையும் தாங்கவல்லது. நீரடியிற் குழாய் புதைத்தலைக் கப்பலுக்குச் செலுத்தும் வரியெனின், வாவி அவ்வரிக்கு உட்பட்டதன்று எனலாம். 2013இல் பழைய பாலத்தின் அருகே அகன்ற புதிய பாலம் திறக்கப்பட்டது, பழையது அகற்றப்படவில்லை.