நட்ட ஈட்டு உரிமை வந்த வரலாறு



சில ஆண்டுகளுக்கு முன்பு, பள்ளி முடிந்த வேளையில், என் மாணவன் ஒருவனின் தாயார் என்னைத் தேடி வந்தார். விடியற்காலையில் மோட்டார் சைக்கிளில் பால்மரம் வெட்டப் போன அவர் கணவர், லோரி மோதி இறந்து பதினைந்து நாள்தான் ஆகியிருந்தது. "வாத்தியாரய்யா, இதில் கையெழுத்துப் போட்டால் மூவாயிரம் வெள்ளி தருகிறார்களாம். என்ன எழுதியிருக்கிறது என்று பார்த்துச் சொல்லுங்கள்" என்று ஒரு தாளை நீட்டினார். மலாய் மொழியில் இருந்த அந்தத் தாளின் கடைசி வரி, 'இனி எந்தக் கோரிக்கையும் எங்களுக்கு இல்லை' என்றது.

"இப்போது கையெழுத்துப் போடாதீர்கள், அம்மா" என்றேன். ஏன் அப்படிச் சொன்னேன் என்பதை விளக்க, ஏறக்குறைய இருநூறு ஆண்டு வரலாற்றைச் சொல்ல வேண்டும். நம் நாட்டு நட்ட ஈட்டுச் சட்டத்தின் வேர் இங்கிலாந்தில் இருப்பதால், அங்கிருந்தே தொடங்குவோம்.

1808இல் இங்கிலாந்தில் ஒரு குதிரை வண்டி கவிழ்ந்தது. அதில் கணவனோடு பயணம் செய்த மனைவி படுகாயமுற்று, ஏறக்குறைய ஒரு மாதம் கழித்து இறந்தார். கணவர் வழக்குத் தொடுத்தார். மனைவி உயிரோடு இருந்த அந்த ஒரு மாதத்துக்கு மட்டுமே இழப்பைக் கணக்கிடலாம், மரணத்துக்காக வழக்காட முடியாது என்று நீதிபதி எல்லன்பரோ பிரபு தீர்ப்பளித்தார். காயப்பட்டவன் பிழைத்தால் பணம் உண்டு; இறந்துவிட்டால் குடும்பத்துக்கு ஒன்றுமில்லை. அன்றைய சட்டம் இப்படித்தான் இருந்தது.

இன்னொரு விந்தையான வழக்கமும் இருந்தது. ஓர் உயிரைப் போக்கிய பொருளின் மதிப்பை மன்னருக்கோ, மன்னரிடம் அந்த உரிமை பெற்றவருக்கோ செலுத்த வேண்டும். 1841இல் சோனிங் என்னுமிடத்தில் மண்சரிவில் இரயில் மோதி ஒன்பது பேர் மாண்டனர். நடுவர் குழு அந்த இரயிலுக்கு ஆயிரம் பவுன் என்று மதிப்பிட்டது. மாண்டவர்களின் மனைவி மக்களுக்கோ அந்தப் பணத்தில் சட்டப்படி பங்கில்லை.

இரயில் பெருகியது, விபத்தும் பெருகியது. பழைய சட்டம் தாங்கவில்லை. 1846இல் கேம்பெல் பிரபு முன்னின்று ஒரு சட்டம் நிறைவேறியது. பிறருடைய தவறால் ஒருவர் இறந்தால், அவருடைய மனைவி, கணவன், பெற்றோர், பிள்ளைகள் ஆகியோருக்காக வழக்குத் தொடுக்கலாம் என்றது அது. பொருளுக்கு விலை வைத்து மன்னருக்குச் செலுத்தும் வழக்கமும் அதே ஆண்டில் ஒழிந்தது.

அந்தக் கொள்கையே நம் நாட்டின் 1956ஆம் ஆண்டு குடியியல் சட்டத்தின் 7ஆம் பிரிவாக நிற்கிறது. உயிருக்கு அது விலை பேசவில்லை. இறந்தவர் வீட்டுக்கு மாதந்தோறும் கொடுத்து வந்த தொகையையே கணக்கிடுகிறது. 2019 செப்டம்பர் முதல் தேதி நடைமுறைக்கு வந்த திருத்தத்தின்படி, 30 வயதும் அதற்குக் குறைந்தவருமானால் 16 ஆண்டுகளுக்குக் கணக்கு. 31 முதல் 59 வயது வரை என்றால், 60இலிருந்து வயதைக் கழித்துப் பாதியாக்க வேண்டும். இறந்தவருக்கு வயது 40, வீட்டுக்குக் கொடுத்தது மாதம் ஆயிரம் வெள்ளி என்று வைத்துக்கொள்வோம். பத்து ஆண்டுக்கு 1,20,000 வெள்ளி. இதைத் தவிர, துயருக்காகக் கணவனுக்கோ மனைவிக்கோ 30,000 வெள்ளி உண்டு. திருத்தத்துக்கு முன் இது 10,000 வெள்ளியாக இருந்தது. மூவாயிரத்தை இதனோடு ஒப்பிட்டுப் பாருங்கள்!

ஏழை லோரி ஓட்டுநரிடம் இவ்வளவு பணம் ஏது என்று கேட்கலாம். அதற்காகவே, பிறருக்கு நேரும் மரணத்துக்கும் காயத்துக்கும் காப்புறுதி இல்லாமல் வண்டி ஓட்டக் கூடாது என்று 1987ஆம் ஆண்டு சாலைப் போக்குவரத்துச் சட்டம் கட்டாயப்படுத்துகிறது.

ஆனால் ஒன்று. எதிர்த்தரப்பின் கவனக்குறைவை நாம் மெய்ப்பிக்க வேண்டும். இறந்தவரிடமும் தவறு இருந்தால், அந்த அளவுக்குத் தொகை குறையும்.

சொக்சோவின் வழி வேறு. 1969ஆம் ஆண்டுச் சட்டப்படி 1971இல் தொடங்கிய திட்டம் அது. வீட்டிலிருந்து வேலைக்குப் போகும்போதும், வேலை முடிந்து திரும்பும்போதும் வழக்கமான பாதையில் நேரும் விபத்தை இன்று அது ஏற்கிறது. யார் தவறு என்று பார்ப்பதில்லை. மாதந்தோறும் கிடைக்கும் தொகையில் விதவைக்கு ஐந்தில் மூன்று பங்கு, பிள்ளைகளுக்கு ஐந்தில் இரண்டு பங்கு. சொக்சோ பணம் கிடைத்துவிட்டதால் லோரிக்காரர் மீது வழக்கில்லை என்று எண்ணிவிடாதீர்கள். இரண்டும் தனித்தனி உரிமைகள்.

நேயர்களே, இவ்வளவு போராடி வந்த உரிமை இரண்டு சின்னக் காரணங்களால் கைநழுவிப் போகிறது. ஒன்று காலம். 7ஆம் பிரிவின்படி, இறந்த நாளிலிருந்து மூன்று ஆண்டுக்குள் வழக்குத் தொடுக்க வேண்டும். கருமாதி, கடன், வேறு தோட்டத்துக்குக் குடிமாற்றம் என்று மூன்று ஆண்டு ஓடிப் போவது தெரியாது. மற்றொன்று பத்திரம். 1982 மார்ச் முதல் தேதியிலிருந்து நம் திருமணங்களைப் பதிவு செய்ய வேண்டும். கோயிலில் தாலி கட்டியதை ஊரே பார்த்திருக்கலாம். பதிவுச் சான்றிதழ் இல்லையென்றால் நீதிமன்றத்தில் மனைவி என்று நிலைநாட்டுவது பெரும்பாடு. திருமணப் பத்திரம், பிள்ளைகளின் பிறப்புப் பத்திரம், சம்பளச் சீட்டு ஆகியவற்றை இன்றே ஒரு தகரப் பெட்டியில் சேர்த்து வையுங்கள். விபத்து நேர்ந்தால் போலீஸ் புகாரின் நகலையும் அதில் சேருங்கள். புரியாத தாளில் கையெழுத்துப் போடாமல், தொழிற்சங்கத்தையோ வழக்கறிஞரையோ கேளுங்கள்.

அந்தத் தாய் அன்று கையெழுத்துப் போடவில்லை. வழக்கு முடிய நாளானது. ஆனால் சொக்சோ பணம் மாதந்தோறும் வந்தது. பையன் படிப்பை நிறுத்தவில்லை.