மாநில நெடுஞ்சாலை 40: நடக்கும் உரிமையின் வரலாறு



நினைவுச் சொற்பொழிவில் ஒரு தலைவரைப் பற்றியோ ஒரு நூலைப் பற்றியோ பேசுவதுதான் வழக்கம். இந்த ஆண்டு ஒரு சாலையைப் பற்றிப் பேசலாம் என்று நினைத்தோம். இங்கே வந்திருப்பவர்களில் பலர் இன்று காலை அந்தச் சாலையில்தான் பஸ் ஏறியிருப்பீர்கள். திருச்செந்தூரில் தொடங்கி ஆழ்வார்திருநகரி, கருங்குளம், செய்துங்கநல்லூர் வழியாகப் பாளையங்கோட்டைக்கு வந்து, பிறகு சேரன்மகாதேவி, வீரவநல்லூர், கல்லிடைக்குறிச்சி, அம்பாசமுத்திரம், கடையம், தென்காசி, குற்றாலம் என்று ஏறிச் செங்கோட்டையில் முடிகிற மாநில நெடுஞ்சாலை எண் 40. கல்லிடைக்குறிச்சி வரைக்கும் பெரும்பாலும் தாமிரபரணியின் தென்கரையை ஒட்டியே அது போகிறது. அங்கே ஆற்றைக் கடந்துதான் அம்பாசமுத்திரத்துக்குள் நுழைகிறது.

இந்த வழியை யார் எதற்காகப் போட்டார்கள் என்பதற்கு விடை காண்பது எளிது. ஆற்றங்கரை முழுக்க நெல்வயல். வயலின் விளைச்சலை ஆண்ட அக்கிரகாரங்களும் கோயில்களும் இந்த வழியில்தான் இருந்தன. 1880களில் ஹார்வி சகோதரர்கள் பாபநாசம் அருவித் தண்ணீரின் விசையை நம்பி விக்கிரமசிங்கபுரத்தில் பஞ்சாலை தொடங்கினார்கள். பஞ்சு மேலே போனது, நூல் கீழே வந்தது. அதற்கும் முன்பே, 1843இல், கலெக்டர் கச்சேரியில் சிரஸ்தாராக இருந்த சுலோசன முதலியார் தன் சொந்தப் பணத்தைப் போட்டுத் திருநெல்வேலிக்கும் பாளையங்கோட்டைக்கும் நடுவே ஆற்றுப்பாலம் கட்டினார். அவர் பெயர் இன்றும் பாலத்துக்கு இருக்கிறது. நல்ல காரியம்தான். கல் சுமந்தவர்களின் பெயர் எங்கும் இல்லை என்பதை நாம் சொல்லாவிட்டால் வேறு யாரும் சொல்லப் போவதில்லை.

வெள்ளைக்காரன் காலத்து மாவட்டக் கையேடுகளில் சாலைகளுக்கென்று இடம் உண்டு. மைல் கணக்கு, பாலம், சத்திரம், நிழல்மரம் எல்லாம் இருக்கும். அந்தச் சாலையில் யார், எந்த நேரத்தில் நடக்கலாம் என்று அங்கே தேடக் கூடாது. சாதிகளைப் பற்றிய பக்கங்களைப் புரட்ட வேண்டும். 1931 மக்கள்தொகைக் கணக்கெடுப்புக்குத் தலைமை வகித்த ஜே.எச். ஹட்டன், சாதி பற்றிய தன் நூலில் 1932 டிசம்பர் 24ஆம் தேதி ‘தி இந்து’ நாளிதழில் வந்த செய்தி ஒன்றை எடுத்துக் காட்டுகிறார். திருநெல்வேலி மாவட்டத்துப் புதிரை வண்ணார்களைப் பற்றிய செய்தி அது. தீண்டப்படாதவர்களின் துணியை வெளுத்த அவர்கள், கண்ணில் பட்டாலே தீட்டு என்று பகலில் வெளியே வர விடப்படவில்லை. இரவில்தான் வேலை, இரவில்தான் நடை. சமூகவியல் வகுப்புகளில் சாலையை நவீனத்தின் கருவி என்று படித்திருக்கிறோம். கார்களும் பேருந்துகளும் ஓடத் தொடங்கிவிட்ட காலத்தில், சூரியன் மறைந்த பிறகு மட்டுமே வழியில் கால் வைக்க முடிந்த ஒரு சாதி இதே மாவட்டத்தில் வாழ்ந்தது. சாலையின் வரலாற்றை அவர்களிடமிருந்து தொடங்கினால் என்ன என்பதுதான் இன்றைய நம் கேள்வி.

அப்படித் தொடங்கினால் முதலில் வரும் பெயர் சுலோசன முதலியார் அல்ல, இரட்டைமலை சீனிவாசன். 1924 ஆகஸ்டில் சென்னை சட்டமன்றத்தில் அவர் கொண்டுவந்த தீர்மானம், பொதுச்சாலை, தெரு, கிணறு, குளம், பொது அலுவலகம் எதிலும் எந்த வகுப்பினரையும் தடுக்கக் கூடாது என்றது. தீர்மானம் நிறைவேறியது, அரசும் ஆணை போட்டது. அதே ஆண்டுதான் வைக்கத்தில், கோயிலைச் சுற்றியுள்ள தெருக்களில் நடப்பதற்காகப் போராட்டம் நடந்துகொண்டிருந்தது. செங்கோட்டையும் அன்று திருவிதாங்கூர் சமஸ்தானத்தில்தான் இருந்தது. நம் சாலையின் மேற்கு முனையில் நின்று பார்த்தால் வைக்கம் அப்படியொன்றும் வேற்று நாடு அல்ல.

அதே காலத்தில் இந்தச் சாலையின் நடுவில் என்ன நடந்தது? வ.வே.சு. ஐயர் கல்லிடைக்குறிச்சியில் தொடங்கிச் சேரன்மகாதேவிக்குக் கொண்டுவந்த குருகுலத்தில் பிராமணப் பிள்ளைகளுக்குத் தனிப் பந்தி என்று புகார் எழுந்து, வரதராஜுலு நாயுடுவும் பெரியாரும் அதைத் தமிழ்நாட்டுக் காங்கிரசையே உலுக்கிய பிரச்சினையாக்கினார்கள். 1925 ஜூனில் ஐயர் பாபநாசம் அருவியில் மகளைக் காப்பாற்றப் போய் மூழ்கி இறந்தார். சேரன்மகாதேவிப் போராட்டத்தின் முக்கியத்துவத்தை நாம் மறுக்கவில்லை. ஆனால் பந்தியில் யாரோடு யார் உட்காருவது என்று நாடே வாதிட்ட அந்த மாதங்களில், குருகுலத்தை ஒட்டிய வயல்களில் நாற்று நட்ட நம் பிள்ளைகள் அந்த வாதத்தில் எந்தப் பக்கத்திலும் இல்லை. பந்திக்கு முன்னால் பள்ளிக்கூடம், பள்ளிக்கூடத்துக்கு முன்னால் அங்கே போகும் வழி. சீனிவாசனின் தீர்மானம் அந்த வழியைப் பற்றியது. பாடநூல்கள் குருகுலத்தை நினைவில் வைத்த அளவுக்கு அந்தத் தீர்மானத்தை வைக்கவில்லை.

சாலைகளை வகை பிரித்தது 1943இல் நாக்பூரில் கூடிய பொறியாளர் மாநாட்டின் திட்டம். தேசிய நெடுஞ்சாலை, மாகாண நெடுஞ்சாலை, மாவட்டச் சாலைகள், கடைசியில் கிராமச் சாலை. கிராமச் சாலை ஊரைத் தொட்டதும் பட்டியல் முடிந்துவிடுகிறது. ஊரிலிருந்து சேரிக்கும், சேரியிலிருந்து சுடுகாட்டுக்கும் போகிற பாதைக்கு அதில் பெயர் இல்லை. பிணத்தை வயல் வரப்பில் தூக்கிப் போனவர்களுக்கு இது தெரியும்.

பிறகு பேருந்து வந்தது. பேருந்தில் இடம் எல்லாருக்கும் பொது, டிக்கெட் ஒரே விலை. அதனாலேயே சாதி அங்கே மோதியது. 1995 ஜூலையில் வீரசிகாமணியில் ஒரு பேருந்தில் தொடங்கிய தகராறு மாவட்டமெங்கும் பரவி, ஆகஸ்ட் 31 அன்று கொடியன்குளத்தில் போலீஸ் புகுந்து வீடுகளை நொறுக்கியதில் போய் நின்றது. 1997 மே மாதம் விருதுநகரைத் தலைமையிடமாகக் கொண்டு வீரன் சுந்தரலிங்கம் பெயரில் அரசுப் போக்குவரத்துக் கழகம் தொடங்கியது. கட்டபொம்மனோடு நின்று போரிட்டவர் சுந்தரலிங்கம். கட்டபொம்மன் பெயரில் நெல்லையில் ஏற்கனவே கழகம் ஓடிக்கொண்டிருந்தது, யாரும் ஆட்சேபிக்கவில்லை. சுந்தரலிங்கம் தேவேந்திரர் என்பதால், அவர் பெயர் எழுதிய பஸ்ஸில் ஏற மாட்டோம் என்றார்கள். மறியல், கல்வீச்சு, தீவைப்பு, உயிர்ப்பலி. ஜூலையில் அரசு ஒரு முடிவெடுத்தது. போக்குவரத்துக் கழகங்கள், மாவட்டங்கள் எல்லாவற்றிலிருந்தும் தலைவர்கள் பெயரை எடுத்துவிட்டது. நெல்லை கட்டபொம்மன் மாவட்டம் வெறும் திருநெல்வேலி ஆனது அப்படித்தான். இதைச் சமத்துவம் என்று பாராட்டுபவர்கள் உண்டு. நம் பார்வையில், ஒரு தலித் வீரனின் பெயரை இரண்டு மாதம் தாங்க முடியாமல் எல்லாப் பெயரையும் அழித்துக்கொண்டது இந்த மாநிலம்.

இரண்டு ஆண்டு கழித்து மாஞ்சோலை. 1929இல் சிங்கம்பட்டி ஜமீனிடமிருந்து பம்பாய் பர்மா வணிகக் கழகம் 8,000 ஏக்கருக்கும் மேலான மலைக்காட்டை 99 ஆண்டுக் குத்தகைக்கு எடுத்துத் தேயிலை போட்டது. கொழுந்து பறித்தவர்களில் பெரும்பாலோர் தலித்துகள். மலையிலிருந்து மணிமுத்தாறு, கல்லிடைக்குறிச்சி என்று இறங்கி, நாற்பதாம் எண் சாலையைப் பிடித்துத்தான் திருநெல்வேலிக்கு வர வேண்டும். கூலி உயர்வு கேட்டுப் போராடிச் சிறையிலடைக்கப்பட்ட தொழிலாளர்களை விடுவிக்கக் கோரி 1999 ஜூலை 23 அன்று அந்த மக்களும் அவர்களுக்கு ஆதரவாக வந்தவர்களும் திருநெல்வேலிச் சந்திப்பிலிருந்து ஊர்வலமாகப் புறப்பட்டார்கள். ஆற்றைக் கடந்து கொக்கிரகுளத்தில் கலெக்டர் அலுவலகத்தை நெருங்கியபோது போலீஸ் மறித்தது. ஒரு பக்கம் தடி, மறுபக்கம் ஆறு. தப்பிக்க ஆற்றில் இறங்கியவர்களையும் அடித்தார்கள். 17 பேர் செத்தார்கள். இரண்டு பேர் பெண்கள், ஒன்று கைக்குழந்தை. நீதிபதி மோகன் ஆணையம் போலீஸ் நடவடிக்கையை நியாயம் என்றது. ஆர்.ஆர். சீனிவாசன் எடுத்த ‘நதியின் மரணம்’ ஆவணப்படத்தைப் பார்த்தவர்கள் அந்த ஆணைய அறிக்கையைத் தனியே படிக்க வேண்டியதில்லை.

ஒன்றைக் கவனியுங்கள். கலெக்டர் அலுவலகத்தில் மனு கொடுப்பது உரிமை. அங்கே போகும் சாலை பொதுச்சாலை. சீனிவாசனின் தீர்மானம் குறிப்பிட்ட இரண்டும் அதுதான்: பொதுச்சாலை, பொது அலுவலகம். 75 ஆண்டு கழித்தும் அந்தச் சில நூறு அடி தூரத்தை நம்மால் நடந்து முடிக்க முடியவில்லை.

இன்று சாலை அகலமாகிறது. திருநெல்வேலி–தென்காசிச் சாலை உலக வங்கிக் கடனில் நான்கு வழியானது. நாற்பதாம் எண் சாலையின் பகுதிகளும், ஆசிய வளர்ச்சி வங்கிக் கடனில் நடக்கும் சென்னை–கன்னியாகுமரி தொழில் வழித்தடத் திட்டத்தில் அடங்கும். வேண்டாம் என்று நாம் சொல்லவில்லை. பிரசவ வலியோடு ஆட்டோவில் போகிறவர்களுக்கு நல்ல சாலை வேண்டும். ஆனால் கருங்குளம் பக்கம் வாழைத்தார் சுமக்கும் பெண்களும் பிள்ளைகளும் அதே சாலையில் லாரியின் தார்க்குவியல் மேல் உட்கார்ந்து போயிருக்கிறார்கள். மாரி செல்வராஜின் ‘வாழை’ அவர் சிறுவயதில் கண்ட அப்படியொரு விபத்திலிருந்து வந்த படம். அவருடைய ‘கர்ணன்’ பஸ் நிற்காத ஒரு ஊரின் கதை. இந்தச் சாலையின் வரலாற்றை அந்த இரண்டு படங்களும் நம் ஆய்வேடுகளைவிட நேராகச் சொல்லிவிட்டன. மாணவர்களுக்கு ஒரு வேலை சொல்கிறோம். உங்கள் ஊரில் பஸ் நிறுத்தம் எங்கே இருக்கிறது, ஊர் முனையிலா, சேரி முனையிலா, அதை அங்கே வைக்கச் சொன்னது யார், நிழற்குடைச் சுவரில் எந்தச் சாதியின் வண்ணம் பூசியிருந்தது, எப்போது அழித்தார்கள் என்று பாட்டிமாரிடம் கேட்டு எழுதுங்கள். எந்தக் கையேட்டிலும் அது கிடைக்காது.

2024 ஜூனில் மாஞ்சோலையில் கம்பெனி வேலையை நிறுத்தியது. குத்தகை முடிய இன்னும் நான்கு ஆண்டு இருந்தது. அங்கேயே நிலம் கேட்டுத் தொடுத்த வழக்குகளை டிசம்பரில் சென்னை உயர்நீதிமன்றம் ஏற்கவில்லை. நான்கு தலைமுறை மலையில் வாழ்ந்தவர்கள் தட்டுமுட்டுச் சாமான்களோடு மணிமுத்தாறுக்கும் விக்கிரமசிங்கபுரத்துக்கும் இறங்கினார்கள். ஒவ்வொரு ஜூலை 23 அன்றும் கொக்கிரகுளத்தில் ஆற்றில் பூப் போடப் போகிறோம். ஒவ்வொரு அமைப்புக்கும் எத்தனை மணிக்கு, எந்த வழியாக வர வேண்டும் என்று போலீஸ் நேரம் குறித்துக் கொடுக்கிறது. சாலையோரம் தடுப்பு போட்டிருப்பார்கள். வரிசையில் நின்று, முறை வந்ததும் படியிறங்கி, பூவைப் போட்டுவிட்டு மேலே வருகிறோம்.