மயிலாடுதுறை என்று ஒழுங்காகத் தெரிய ஒரு கோப்பு

போன வாரம் அலமாரியை ஒழித்துக்கொண்டிருந்தபோது ஒரு சி.டி. கிடைத்தது. மேலே மார்க்கர் பேனாவில் என் கையெழுத்து: "யுஎஸ்பி10 – டெஸ்ட் – 2004". பேத்தி எட்டிப் பார்த்துவிட்டு, "பென்டிரைவ்ல இருந்ததா தாத்தா?" என்றாள். யு.எஸ்.பி. என்றால் இன்று எல்லாருக்கும் பென்டிரைவ்தான். இது வேறு. கணினியில் தமிழ் தெரிவதற்காக ஒரு காலத்தில் நாங்கள் அலைந்து தேடிய கோப்பின் பெயர். இப்போது இதைக் கைப்பேசியில் படிக்கிற என் பழைய மாணவர்களில் பலருக்கு அந்தக் கதை தெரிந்திருக்காது.

முதலில் டி.எல்.எல். என்றால் என்ன? விண்டோஸ் கணினியில் பல மென்பொருள்கள் பொதுவாகப் பயன்படுத்தும் நூலகக் கோப்பு. நம் கிராமத்துப் பொதுக்களம் மாதிரி. வீட்டுக்கு ஒரு களம் வேண்டியதில்லை, அறுத்த கதிரை எல்லாரும் அங்கே கொண்டுவந்து அடித்துக்கொள்ளலாம். 'யுஎஸ்பி10.டிஎல்எல்' என்பது எழுத்துகளைக் கோத்துத் தரும் களம். யூனிகோட் ஸ்கிரிப்ட் புராசசர் என்பதன் சுருக்கம் அது. யூனிஸ்கிரைப் என்றும் சொல்வார்கள். 1999-ல் இன்டர்நெட் எக்ஸ்புளோரர் 5 உடன் வந்தது. 2000 பிப்ரவரியில் வெளியான விண்டோஸ் 2000-ல்தான் லதா என்ற எழுத்துருவோடு தமிழுக்கு முறையான இடம் கிடைத்தது.

அந்தக் கோப்பு என்ன செய்தது என்பதை நம் ஊர்ப் பெயரை வைத்தே சொல்கிறேன். மயிலாடுதுறை. எண்ணிப் பாருங்கள், ஆறு எழுத்து: ம, யி, லா, டு, து, றை. யூனிகோட் முறையில் கணினிக்குள் இது பதினொரு குறியீடுகளாக இருக்கும். ம, பிறகு ய, இகரக் குறி, பிறகு ல, கால், ட, உகரக் குறி என்று போய் கடைசியில் ற, அதன் பின் ஐகாரக் குறி. 'றை'யில் நாம் இணைக்கொம்பை முன்னால் எழுதுகிறோம். கணினியோ அதை ற-வுக்குப் பின்னால் வைத்திருக்கிறது. முப்பத்திரண்டு வருடம் தமிழ் நடத்தியவனுக்கு இதில் ஒரு சந்தோஷம். ற், பிறகு ஐ. மெய் முன்னால், உயிர் பின்னால். தொல்காப்பியர் சொன்ன ஒலிப்பு வரிசை அதுதானே!

ஆனால் கண்ணுக்கு அந்த வரிசை உதவாது. யாராவது நடுவில் உட்கார்ந்து கொம்பை எடுத்து முன்னால் வைக்க வேண்டும். ட-வையும் உகரத்தையும் ஒட்டி 'டு' ஆக்க வேண்டும். 'கொள்ளிடம்' என்றால் ஒற்றைக் குறியீடாக இருக்கும் ஒகரத்தைப் பிளந்து க-வின் இரண்டு பக்கமும் நிறுத்த வேண்டும். அந்த வேலைக்காரன்தான் யுஎஸ்பி10. அவன் இல்லாத கணினியில் கொம்பு ற-வுக்குப் பின்னால் தொங்கும், உகரம் தனியாக விலகி நிற்கும். சில சமயம் புள்ளிகளால் ஆன ஒரு வட்டம் வேறு வரும், ஆதரவில்லாத குறிக்குத் துணையாக.

பழைய அச்சகத்தில் இதைச் செய்தவர் அச்சுக்கோப்பவர். 'கொ' என்றால் கொம்பு, க, கால் என்று மூன்று ஈய எழுத்தை எடுத்து அடுக்குவார். இதைச் சொல்லும்போது தரங்கம்பாடியை விட முடியாது, நம் மாவட்டம் ஆயிற்றே. 1706-ல் வந்திறங்கிய சீகன்பால்குவுக்கு ஜெர்மனியின் ஹாலே நகரத்தில் தமிழ் எழுத்துகளை வார்த்து அனுப்பினார்கள். தமிழ் பேசாத ஊரில் வார்த்தவை. வந்து பார்த்தால் எழுத்து பெரிது, காகிதம் கட்டுப்படியாகவில்லை. பிறகு இங்கேயே சிறியதாக வார்த்தார்கள், பொறையாரில் காகித ஆலையும் வைத்தார்கள். வெளியூரில் செய்து வந்த எழுத்தை இங்கே அடித்துப் பார்த்துத் திருத்திக்கொண்ட வேலை முந்நூறு வருடத்துக்கு முன்பே நம் கடற்கரையில் நடந்ததுதான்.

என் கதைக்கு வருகிறேன். 1999-ல் ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு ஒரு வேலை கொடுத்திருந்தேன். வீட்டில் இருக்கும் பெரியவர்களிடம் கேட்டு, அவர்கள் சின்ன வயதில் பயிரிட்ட நெல் வகைகள், தங்கள் ஊர் வாய்க்கால், மதகு, மேடு, திடல் இவற்றின் பெயர்களை எழுதிவர வேண்டும். நாற்பத்தேழு நோட்டு வந்தது. சீரகச் சம்பா, குடவாழை, ஒட்டடையான் போன்ற தெரிந்த பெயர்களோடு, நான் கேள்விப்படாத பெயர்களும் ஏராளம். பட்டமங்கலத் தெருவில் ஒரு டி.டி.பி. மையத்தில் தட்டச்சு செய்து வைத்தோம். புத்தகமாக்கப் பணம் திரளவில்லை. நோட்டுகளைப் பிள்ளைகளிடமே திருப்பிக் கொடுத்துவிட்டேன். கணினியில்தான் ஏறிவிட்டதே என்ற நினைப்பு!

அந்தக் காலத்தில் எழுத்துருவுக்கு எழுத்துரு குறியீடு வேறு. ஆங்கில எழுத்துகளின் இடத்தில் தமிழ் வடிவங்களை உட்கார வைத்திருப்பார்கள், அதுவும் ஆளுக்கொரு விதமாக. அந்த எழுத்துரு உங்களிடம் இல்லையென்றால் திரையில் ஆங்கிலக் குப்பைதான். 1999 பிப்ரவரியில் சென்னையில் நடந்த தமிழ்நெட் 99 மாநாடு டாம், டாப் என்று இரண்டு குறியீடுகளையும் தமிழ்99 விசைப்பலகையையும் பரிந்துரைத்தது. இணையத்தில் இயங்கிய தமிழர்கள் டிஸ்கி என்று இன்னொன்றை வைத்திருந்தார்கள். யூனிகோட் தனியாக வந்துகொண்டிருந்தது. எது நல்லது என்பதில் நடந்த சண்டையை எழுதினால் இந்தப் பதிவு முடியாது. இரு தரப்பிலும் தமிழ் மேல் அக்கறை இருந்தது என்பதோடு விடுகிறேன்.

2004-ல் வீட்டுக்கு ஒரு கணினி வாங்கினேன், விண்டோஸ் எக்ஸ்.பி. பிள்ளைகளின் தொகுப்பை யூனிகோடுக்கு மாற்றிவிட வேண்டும் என்று ஆசை. எக்ஸ்.பி.யில் தமிழ் உண்டு, ஆனால் உறங்கிக்கொண்டிருக்கும். கன்ட்ரோல் பேனலில் மொழிப் பகுதிக்குப் போய் ஒரு கட்டத்தில் டிக் போட்டால் நிறுவல் சி.டி.யைக் கேட்கும். கணினி விற்றவர் சி.டி. தரவில்லை என்றால் அங்கேயே நிற்க வேண்டியதுதான். எனக்குத் தந்திருந்தார். ஆனாலும் சில இடங்களில் எழுத்து உடைந்தது. வெளிநாட்டிலிருந்த பழைய மாணவன் ஒருவன் மின்னஞ்சலில், "ஐயா, உங்கள் யுஎஸ்பி10 பழையது, ஆபீஸ் 2003-ல் புதியது இருக்கிறது, அதை வைத்துச் சோதித்துப் பாருங்கள்" என்று எழுதினான். எழுத்துரு வடிவமைப்பவர்களுக்காக மைக்ரோசாப்ட் வோல்ட் என்ற இலவசக் கருவியை வெளியிட்டிருந்தது. அந்தக் குழுவில் சேர்ந்தவர்களுக்கும் சோதனைக்காகப் புதிய யுஎஸ்பி10 கிடைத்தது என்று பிறகு தெரிந்தது.

நான் ஓர் அசட்டுக் காரியம் செய்தேன். புதிய கோப்பை நேராக சிஸ்டம்32 அடைவில் பழையதன் மேல் ஒட்டினேன். ஒட்டியது போலத்தான் இருந்தது. ஒரு நிமிடம் கழித்துப் பார்த்தால் பழையதே உட்கார்ந்திருக்கிறது. மறுபடி ஒட்டினேன், மறுபடி அதே. பேய் வேலை என்று நினைத்தேன். விண்டோஸ் தன் முக்கியக் கோப்புகளுக்கு ரகசியமாக ஒரு நகல் வைத்திருக்கிறது, யாராவது கை வைத்தால் அந்த நகலை எடுத்துத் திரும்ப வைத்துவிடுகிறது என்று மாணவன் விளக்கினான். சரியான வழி வேறு. ஒரு தனி அடைவில் வேர்ட்பேடின் நகலைப் போட்டு, பக்கத்திலேயே புதிய யுஎஸ்பி10-ஐயும் போட வேண்டும். ஒரு மென்பொருள் தனக்கு வேண்டிய நூலகக் கோப்பை முதலில் தன் வீட்டில் தேடும், இல்லையென்றால்தான் பொதுக்களத்துக்குப் போகும். கணினியின் மற்ற வேலைகளுக்குச் சேதமில்லாமல் சோதித்துப் பார்க்கும் முறை இது. அந்தச் சி.டி.யில் இருப்பது அந்த அடைவுதான். கூடவே ஒரு சோதனைத் தாள்: மயிலாடுதுறை, கொள்ளிடம், பக்ஷி, ஸ்ரீ, ஔவை.

பழைய விண்டோஸ் 98 வைத்திருந்தவர்கள் பாடு இன்னும் மோசம், அவர்களிடம் லதாவே கிடையாது. அவர்களும் இணையத்தில் தமிழ் படிக்கட்டும் என்று தேனீ என்ற யூனிகோட் எழுத்துருவைச் செய்து தந்தவர் உமர் தம்பி. நம் டெல்டாக்காரர், அதிராம்பட்டினம். 2006 ஜூலையில் காலமானார். அவர் பெயர் நம் பிள்ளைகளுக்குத் தெரியாமல் இருப்பதில் எனக்கு வருத்தம் உண்டு.

வலைப்பதிவு எழுதியவர்களுக்கு இன்னொரு தொல்லை நினைவிருக்கும். நெருப்புநரி உலாவியில், பத்தியின் இரு ஓரங்களையும் நேராக்கி அமைத்த பக்கம் என்றால் தமிழ் சிதறிவிடும். "தயவுசெய்து ஜஸ்டிஃபை செய்யாதீர்கள்" என்று பின்னூட்டத்தில் கெஞ்சுவார்கள். 2008 ஜூனில் நெருப்புநரி 3 வந்துதான் அது தீர்ந்தது.

இந்தக் கதையில் எனக்கு மிகவும் பிடித்த பகுதி பிறகு நடந்தது. ஹார்ஃபபஸ் என்று ஒரு திறந்தமூல நூலகம் இருக்கிறது. இன்று ஆண்ட்ராய்டு கைப்பேசியிலும் குரோமிலும் நெருப்புநரியிலும் தமிழைக் கோத்துத் தருவது அதுதான். 2012 வாக்கில் அதற்கு இந்திய மொழிகளைக் கற்றுக்கொடுத்தபோது, சரி தவறு பார்க்க அவர்கள் உரைகல்லாக வைத்துக்கொண்டது விண்டோஸின் இதே யூனிஸ்கிரைப்பைத்தான். விக்கிபீடியாவிலிருந்து பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட தமிழ்ச் சொற்களை எடுத்து, ஒவ்வொன்றையும் இரண்டிடமும் கொடுத்து, இரண்டும் ஒன்றுபோல் கோக்கின்றனவா என்று பார்த்தார்கள். தமிழில் அநேகமாக எல்லாமே தேறின. அந்தப் பத்து லட்சத்தில் மயிலாடுதுறையும் இருந்திருக்கும் என்று நினைத்துக்கொள்வேன். தமிழ் விக்கிபீடியாவில் எழுதியவர்கள் பெரும்பாலும் வேலை முடிந்து இரவில் உட்கார்ந்து தட்டியவர்கள். அவர்கள் சொற்கள் இப்படியும் பயன்பட்டன. 2010-ல் கோவை செம்மொழி மாநாட்டை ஒட்டித் தமிழக அரசும் யூனிகோடை ஏற்று ஆணையிட்டுவிட்டது.

பிள்ளைகளின் தொகுப்பு என்ன ஆயிற்று? அந்த டி.டி.பி. மையம் மூடி வெகுநாளாகிறது. எழுத்துருவின் பெயர் தெரியும், கோப்பு கையில் இல்லை. அதற்கு நெருக்கமான ஒன்றை வைத்து மாற்றியதில் முக்கால்வாசி வந்துவிட்டது. ஆனால் சில எழுத்துகள் இடம் மாறி விழுகின்றன: ணு, னு, ளூ, நூ ஆகியவை. வாக்கியத்தில் என்றால் ஊகித்துத் திருத்திவிடலாம். பெயரில் எப்படி ஊகிப்பது? ஒரு வாய்க்காலின் பெயர் எனக்கு மூன்று விதமாகப் படிக்க வருகிறது. சொன்ன தாத்தா இல்லை. எழுதி வந்த பெண் இப்போது எங்கே இருக்கிறாள் என்று தெரியவில்லை. வாய்க்காலும் அநேகமாகத் தூர்ந்திருக்கும்.

1999-2000-ல் என்னிடம் ஒன்பதாம் வகுப்பு படித்தவர்கள் யாராவது இதைப் படித்தால், வீட்டுப் பரணில் அந்த நோட்டு இருக்கிறதா என்று ஒரு தடவை பாருங்கள். நீல அட்டை, இருநூறு பக்கம். பக்கங்களைப் படம் எடுத்து உள்பெட்டியில் அனுப்பினால் போதும்.