கரிசல் பருத்தியும் கடற்பீரங்கியும்

கோவில்பட்டிச் சீமையில் எவரையேனும் 'அவன் பெரிய எம்டன்' என்று சொன்னால் அதற்கு விளக்கம் தேவைப்படுவதில்லை. எளிதில் பிடிபடாதவன், எதற்கும் துணிந்தவன், வந்ததும் தெரியாமல் போனதும் தெரியாமல் காரியம் முடிப்பவன் என்பது பொருள். கடலையே காணாத கிராமத்து முதியவர்களும் இச்சொல்லை வழங்குவர். ஒரு போர்க்கப்பலின் பெயர் கரிசல் காட்டுப் பேச்சில் வந்து ஒட்டிக்கொண்ட வரலாற்றைப் பலரும் எழுதிவிட்டார்கள். அக்கப்பல் ஏந்தி வந்த பீரங்கியைப் பற்றியும், அப்பீரங்கியின் வயிற்றில் எரிந்த பொருளைப் பற்றியும் எழுதியவர்கள் குறைவு. இக்கட்டுரையில் நாம் அதையே பேச விரும்புகிறோம்.

1914ஆம் ஆண்டு செப்டம்பர் 22ஆம் நாள் இரவு ஒன்பதரை மணியளவில், ஜெர்மானியக் கப்பல் 'எம்டன்' சென்னைத் துறைமுகத்துக்கு எதிரே வந்து நின்று சுட்டது. ஏறக்குறைய 130 குண்டுகள். எல்லாம் அரைமணி நேரத்துக்குள் முடிந்துவிட்டது. பர்மா எண்ணெய்க் கம்பெனியின் தொட்டிகள் இரண்டு தீப்பற்றி எரிந்தன. மூன்று லட்சம் காலனுக்கு மேற்பட்ட மண்ணெண்ணெய் பாழாயிற்று. துறைமுகத்தில் நின்ற 'சுப்ரா' என்னும் வணிகக் கப்பலும் அடிபட்டது. ஐந்து உயிர்களேனும் போயின. கரையிலிருந்த பீரங்கிகள் பதிலுக்குச் சுட்டன. பயன் ஒன்றும் விளையவில்லை. விளக்குகளை அணைத்துக்கொண்டு எம்டன் போய்விட்டது. குண்டு விழுந்த இடத்தைக் குறிக்கும் கல் உயர்நீதிமன்ற வளாகத்துச் சுவரில் பதிக்கப்பட்டது.

வீரர் செண்பகராமன் பிள்ளை அக்கப்பலில் இருந்தார் என்றொரு கதை தமிழ்நாட்டில் உலவுகிறது. கேட்பதற்கு இனிய கதைதான். ஆனால் அவர் அவ்வாண்டு ஐரோப்பாவில் இருந்தார்.

எம்டனில் இருந்தவை பத்துப் பீரங்கிகள். ஒவ்வொன்றின் வாயும் பத்தரை சென்டிமீட்டர் அகலம். கடற்படைப் பீரங்கிகளின் தரவரிசையில் இவை சிறியவையே. ஆயினும் ஒரு பீரங்கி ஒரு நிமிடத்தில் பத்துக் குண்டுகளுக்கு மேல் வீச வல்லது. இவ்வகையை ஜெர்மானியர் தம் மொழியில் 'விரைந்து நிரப்பும் பீரங்கி' என்றனர். ஆங்கிலேயர் 'விரைந்து சுடும் பீரங்கி' என்றனர். நாம் சுருக்கமாக விரைவுப் பீரங்கி என்போம்.

இவ்விரைவின் அருமை விளங்க வேண்டுமாயின் பழைய பீரங்கியை நினைவுக்குக் கொண்டுவர வேண்டும். அதற்கு நாம் நெடுந்தூரம் போக வேண்டியதில்லை. ஒட்டப்பிடாரத்தை அடுத்த பாஞ்சாலங்குறிச்சியே போதும். 1799 செப்டம்பர் 5ஆம் நாள் மேஜர் பானர்மேன் அக்கோட்டையைத் தாக்கித் தோற்றான். கட்டபொம்மன் பின்னர் பிடிபட்டுக் கயத்தாற்றில் தூக்கிலிடப்பட்டான். 1801 மார்ச் 31ஆம் நாள் ஊமைத்துரையின் கோட்டையை மெக்காலே தாக்கினான், அப்போதும் தோல்வியே. மேலும் படையும் பீரங்கியும் வந்து சேர்ந்த பின்னர், மே 24ஆம் நாள்தான் கோட்டை விழுந்தது. கரிசல் மண்ணைக் குழைத்து எழுப்பிய சுவர் கற்சுவர்போல் பிளக்காமல் இரும்புக் குண்டைத் தன்னுள் வாங்கிக்கொண்டது என்பது ஒரு காரணம். பீரங்கியின் மந்தம் மற்றொரு காரணம். ஒருமுறை சுட்டதும் வண்டியோடு பின்னுக்கு ஓடும். ஆட்கள் தள்ளிக்கொண்டு வந்து பழைய இடத்தில் நிறுத்த வேண்டும். குழலுக்குள் கனன்றுகொண்டிருக்கும் துணுக்குகளை ஈரத் துடைப்பத்தால் அணைக்க வேண்டும். வாய்வழியே மருந்துப் பையைத் திணித்து, குண்டை உருட்டிவிட்டு, கோலால் இடித்து, மறுபடி குறி பார்க்க வேண்டும். அதற்குள் சூழ்ந்த கரும்புகையில் குறியே தெரியாது. கோட்டைக்குள் இருந்தவர்களுக்கு மூச்சுவிட அவகாசம் கிடைத்தது என்றால் அது இந்த மந்தத்தினால்தான்.

விரைவுப் பீரங்கியில் மூன்று மாற்றங்கள் ஒன்றுசேர்ந்தன. குண்டும் மருந்தும் வாய்வழியே அல்லாமல் பின்வழியே நுழைந்தன. சிறு பீரங்கிகளில் இரண்டும் ஒரே பித்தளைக் கூட்டில் அடங்கித் துப்பாக்கித் தோட்டாவைப் பெரிதாக்கியதுபோல் இருந்தன. சுடும்போது வண்டி ஓடாது. குழல் மட்டும் பின்னுக்குச் சறுக்கி, எண்ணெய் நிறைந்த உருளையிலும் கம்பிச் சுருளிலும் உதைப்பைக் கொடுத்துவிட்டுத் தானே முன்னுக்கு வந்து நிற்கும். மூன்றாவது புகையற்ற மருந்து. அதைப் பிறகு விரிவாகப் பார்ப்போம்.

இக்கருவி முதலில் பிறந்தது கடற்படைக்காகவே. நீர்க்குண்டுகளை ஏவும் சிறு படகுகள் 1880களில் பெருங்கப்பல்களை அச்சுறுத்தின. பாய்ந்து வரும் படகு நெருங்குவதற்குள் பலமுறை சுட்டாக வேண்டும். 1880களின் பிற்பகுதியில் இங்கிலாந்தின் எல்ஸ்விக் ஆலை செய்த 4.7 அங்குலப் பீரங்கி ஒரு நிமிடத்துக்குள் பத்துக் குண்டுகளைச் சுட்டது. அதற்கு முந்தைய பீரங்கிக்கு அதே வேலைக்குப் பல நிமிடங்கள் பிடித்தன. தரையில் வழிகாட்டியது பிரான்சு. 1897இல் வந்த அதன் 75 மில்லிமீட்டர் பீரங்கி நிமிடத்துக்குப் பதினைந்து குண்டுகள் சுட்டது. ஆங்கிலேயருக்குப் புத்தி வந்தது தென்னாப்பிரிக்காவில். 1899 முதல் 1902 வரை நடந்த போரில் அங்குள்ள குடியானவர்களின் கையில் ஐரோப்பியப் புதுப்பீரங்கிகள் இருந்தன. பேரரசின் படையிடமோ உதைத்து ஓடும் பழையவையே இருந்தன. கப்பல் பீரங்கிகளைக் கழற்றிச் சக்கரம் பூட்டி லேடிஸ்மித்துக்கு இழுத்துச் செல்ல வேண்டியதாயிற்று. அந்த அவமானத்தின் விளைவாக 1904இல் பிறந்ததே '18 ராத்தல் பீரங்கி'. அதன் குண்டின் எடை பதினெட்டரை ராத்தல். முதல் உலகப் போரில் ஆங்கிலப் படையின் முதுகெலும்பு அதுதான்.

புதுக்கருவி யார் கைக்குப் போயிற்று என்பதையும் கவனிக்க வேண்டும். 1857 கிளர்ச்சிக்குப் பின் இந்தியர் கையில் பீரங்கியைக் கொடுப்பதில்லை என்பது ஆங்கிலேயரின் கொள்கை. கோவேறு கழுதைகளின் முதுகில் ஏற்றிச் செல்லும் மலைப் பீரங்கி அணிகளுக்கு மட்டும் விலக்கு. அவற்றில் பஞ்சாபி முஸ்லிம்களும் சீக்கியரும் பணிபுரிந்தனர். அவர்களுக்குத் தந்த 10 ராத்தல் பீரங்கியில் உதைப்பைத் தாங்கும் உருளை கிடையாது. சுட்டால் துள்ளிப் பின்னுக்குப் போகும். 1915 ஏப்ரலில் கலிப்போலிக் கரையில் ஆஸ்திரேலியர்களோடு இறங்கிய 21ஆம், 26ஆம் மலைப் பீரங்கி அணிகள் இத்தகையவையே. எதிரே நின்றது உதுமானியப் படை. கலீபாவின் படையை நோக்கித் தாம் சுட நேர்ந்தபோது அந்தப் பஞ்சாபி முஸ்லிம்களின் உள்ளம் எப்பாடு பட்டிருக்கும் என்பதை நம் வாசகர்களுக்குச் சொல்லத் தேவையில்லை.

எம்டனுக்கு வருவோம். சென்னையை விட்டு அகன்ற கப்பல் கொழும்புக்கும் மினிக்காய்க்கும் இடையே வணிகக் கப்பல்களைப் பிடித்தது. அக்டோபர் 28ஆம் நாள் விடியலில், நம் வணிகர்கள் தலைமுறை தலைமுறையாய்க் கடை பரப்பிய பினாங்கில் நுழைந்தது. மூன்று புகைப்போக்கி உடைய தனக்கு நான்காவதாகப் பொய்யான ஒன்றைக் கட்டிக்கொண்டு ஆங்கிலக் கப்பல்போல் வந்து, ருஷ்யாவின் 'ஜெம்சுக்' கப்பலை மூழ்கடித்தது. நம் ஊர்ப் பேச்சில் 'எம்டன்' என்ற சொல் நிலைத்ததற்கு இத்தகைய சூழ்ச்சிகளே காரணம்.

நவம்பர் 9ஆம் நாள் கொக்கோஸ் தீவருகே ஆஸ்திரேலியக் கப்பல் 'சிட்னி' அதை மடக்கியது. சிட்னியில் ஆறங்குலப் பீரங்கிகள் எட்டு. குண்டொன்று 100 ராத்தல். எம்டனின் குண்டு 40 ராத்தலுக்கும் குறைவு. விரைவில் எம்டன் முந்திக்கொண்டது; முதல் அடிகளும் அதனுடையவையே. ஆயினும் எட்டி நின்று கனமாக அடிக்கும் பீரங்கிக்கு முன் விரைவு தோற்றது. எம்டனில் 130 பேருக்கு மேல் மாண்டனர், சிட்னியில் நால்வர்.

அன்று காலை தீவில் இறங்கியிருந்த எம்டன் மாலுமிகள் ஐம்பதின்மர், அங்கே நின்ற பாய்க்கப்பல் ஒன்றைக் கைப்பற்றித் தப்பினர். அப்பாய்க்கப்பலின் பெயர் 'ஆயிஷா'. வழியில் வேறொரு கப்பலுக்கு மாறி ஏமனின் ஹுதைதாவில் கரையேறினர். இந்திய முஸ்லிம்களின் நன்கொடையும் சேர்ந்து உருவான ஹிஜாஸ் ரயிலிலும் பயணம் செய்து, 1915இல் இஸ்தான்புல் சேர்ந்தனர். இது தனியே எழுதத் தக்க கதை.

இனி மருந்துக்கு வருவோம். பழைய கருமருந்து வெடியுப்பு, கந்தகம், கரி ஆகியவற்றின் கலவை. எரிந்தால் பாதிக்கு மேல் புகையும் அழுக்கும்தான். அத்தகைய புகைக்கு நடுவே நிமிடத்துக்குப் பத்துமுறை குறிபார்த்துச் சுட முடியாது. ஆகவே விரைவுப் பீரங்கியின் உண்மையான திறவுகோல் புகையற்ற மருந்து. அம்மருந்தின் தாய்ப்பொருள் பருத்தி.

1840களில் ஷோன்பைன் என்னும் வேதியியலார், பஞ்சை நைட்ரிக் அமிலமும் கந்தக அமிலமும் கலந்த நீர்மத்தில் ஊறவைத்தால் அது வெடிபொருளாகிறது என்று கண்டார். பார்வைக்குப் பஞ்சாகவே இருக்கும். நெருப்புப் பட்டால் சாம்பலும் மிஞ்சாது. தொடக்கத்தில் இவ்வெடிபருத்தி பல ஆலைகளைத் தகர்த்தது. அதைக் கூழாக அரைத்து நன்கு கழுவினால் அடங்கிக் கிடக்கும் என்று 1860களில் காட்டியவர் ஏபல். அவரும் டெவாரும் 1889இல் வெடிபருத்தியை நைட்ரோகிளிசரினோடு பிசைந்து, வாசலின் சேர்த்து, சேவை பிழிவதுபோல் கயிறு கயிறாகப் பிழிந்து எடுத்தனர். கயிறு என்னும் பொருள்பட அதற்குக் 'கார்டைட்' என்று பெயர் வந்தது. முதல் வகையில் நூற்றுக்கு 37 பங்கு வெடிபருத்தி. அது குழலை அரித்துத் தின்றதால், 1901 முதல் 65 பங்காக உயர்த்தினர். பருத்தி கூடக்கூடப் பீரங்கியின் ஆயுளும் கூடிற்று.

இக்கலவையைக் குழைப்பதற்கு அசிட்டோன் வேண்டும். போர்க்காலத்தில் அதற்குத் தட்டுப்பாடு வந்தபோது, தானியத்தைப் புளிக்கவைத்து அசிட்டோன் எடுக்கும் வழியைத் தந்தவர் மான்செஸ்டரில் வேலை பார்த்த வைஸ்மன். அதனால் ஆட்சியாளரிடம் அவருக்குக் கிடைத்த செல்வாக்கு 1917இன் பால்பர் அறிக்கைக்கு எவ்வளவு துணைசெய்தது என்பதில் வரலாற்றாசிரியர்கள் வேறுபடுகின்றனர். பாலஸ்தீனத்தின் கதையில் பீரங்கி மருந்துக்கும் ஓர் இடம் உண்டு என்பதை மட்டும் இங்கே குறித்துவைப்போம்.

நம் மாநிலத்திலேயே குன்னூரை அடுத்த அரவங்காட்டில் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கார்டைட் ஆலை எழுந்தது. நீலகிரிக்குப் போகிறவர்கள் மலை ரயில் நிலையத்தின் பெயரைப் படித்துவிட்டுக் கடந்துபோவது வழக்கம்.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். 18 ராத்தல் பீரங்கியின் தோட்டா ஒன்றுக்கு ஏறக்குறைய ஒன்றரை ராத்தல் கார்டைட். அதில் ஒரு ராத்தலுக்குச் சற்றுக் குறைவாக வெடிபருத்தி. அமிலத்தில் ஊறும்போது பஞ்சின் எடை கூடுவதால், தோட்டா ஒன்றுக்குச் சுமார் அரை ராத்தல் பஞ்சு என்று கொள்ளலாம். இப்பீரங்கியொன்றே மேற்குப் போர்முனையில் சுட்டவை ஏறக்குறைய பத்துக் கோடிக் குண்டுகள். அப்படியானால் ஐந்து கோடி ராத்தல் பஞ்சு. பொதிக்கு 400 ராத்தல் என்றால் ஒன்றேகால் லட்சம் பொதிகள். மானாவாரிக் கரிசலில் ஏக்கருக்கு 100 ராத்தல் பஞ்சு என்று வைத்தால் ஐந்து லட்சம் ஏக்கரின் விளைச்சல்! பெரிய பீரங்கிகளையும் கடற்படையையும் நாம் இதில் சேர்க்கவில்லை.

கோவில்பட்டிப் பருத்தியே அக்குண்டுகளை எறிந்தது என்று பெருமை பேசுவதற்கில்லை. பிரிட்டன் பெரிதும் கொண்டது நூற்பாலைக் கழிவுப் பஞ்சு. லங்காஷயர் ஆலைகள் பெரும்பாலும் நூற்றது அமெரிக்கப் பஞ்சு. நம் கருங்கண்ணிப் பருத்தி குட்டை இழை. அது வேறு சந்தைக்குப் போயிற்று. 1901 முதல் கோவில்பட்டியில் வேளாண் ஆராய்ச்சிப் பண்ணை ஒன்று இயங்கியதும் அச்சந்தையை மனத்தில் கொண்டே. ஆனால் போரின் கை அதையும் தொட்டது. 1914 ஜூலை இறுதியில் நியூயார்க் பருத்திச் சந்தை மூடப்பட்டது. ஜெர்மனிக்கும் ஆஸ்திரியாவுக்கும் பெல்ஜியத்துக்கும் போய்க்கொண்டிருந்த இந்தியப் பருத்திக்கு வழியடைந்தது. எம்டனுக்கு அஞ்சி வங்கக் கடலில் கப்பல்கள் துறைமுகங்களிலேயே முடங்கின. விலை சரிந்தது. எம்டன் சென்னையைச் சுட்ட நாள் புரட்டாசி மாதம். கரிசல் சம்சாரி மழையை எதிர்பார்த்துப் பருத்தி விதைக்கு ஆயத்தமாகும் பருவம் அது. விளைந்ததை வாங்க ஆள் வருமா என்று தெரியாமலே விதைத்தான்.

பருத்தியைப் பற்றி வல்லரசுகளின் சட்டம் புரண்ட விதம் வியப்புக்குரியது. 1909இல் லண்டனில் கூடி எழுதிய கடற்போர் ஒப்பந்தம், எக்காலத்தும் போர்த்தடைப் பொருளாக அறிவிக்கக் கூடாதவற்றின் பட்டியலில் பஞ்சைச் சேர்த்தது. உடைக்கு உரியது, உயிருக்குத் தீங்கில்லாதது என்ற எண்ணம். அப்போதே ஒவ்வொரு நாட்டின் பீரங்கியும் பஞ்சையே எரித்துக்கொண்டிருந்தது! 1915 ஆகஸ்டில் பிரிட்டன் அதே பஞ்சை முழுத்தடைப் பொருளாக அறிவித்தது. ஜெர்மானியர் மரக்கூழிலிருந்து வெடிமருந்து செய்யக் கற்றுக்கொண்டனர். அவர்களுடைய பீரங்கிகள் மேலும் மூன்றாண்டுகள் ஓயவில்லை.

போரின் கடைசி ஆண்டுகளில் பருத்தி விலை மீண்டும் ஏறியது. துணி விலை அதைவிட விரைவாக ஏறியது. 1918இல் சென்னை மாகாணத்துச் சந்தைகளில் தானியக் கடைகள் சூறையாடப்பட்டன. எளியவர்கள் உடுத்துவதற்கு மலிவான துணியை நெய்வித்து விற்க அரசே தனிச் சட்டம் இயற்றியதும் அவ்வாண்டில்தான்.