ஸுரையாவும் அறுமீனும்

பழவேற்காட்டுக் கடற்கரையில் ஒரு கார்த்திகை மாத மாலைப்பொழுது. மஃரிபுத் தொழுகையை முடித்துக்கொண்டு, நாமும் நம்மிடம் அரபு பயிலும் மாணவர் சிலரும் முகத்துவாரத்தை அடுத்த மணல்மேட்டில் அமர்ந்திருந்தோம். அன்றைய பாடத்தில் 'ஸுரையா' என்ற சொல் வந்திருந்தது. அதன் பொருள் யாதென ஒரு சிறுவன் வினவ, "கார்த்திகை மீன்கூட்டம்" என்று விடை பகர்ந்திருந்தோம். அவனோ இப்போது வானை அண்ணாந்து நோக்கி, "அது எது, உஸ்தாத்?" என்று கேட்டுவிட்டான்.

அச்சொல்லின் வேரை நாம் அறிவோம். அதன் இலக்கணத்தை அறிவோம். ஆனால், அது குறிக்கும் பொருளை வானில் சுட்டிக் காட்ட நமக்குத் தெரியவில்லை! அருகில் வலையைச் சுருட்டிக்கொண்டிருந்த முதிய மீனவர் ஒருவரே நம்மைக் காப்பாற்றினார். "அதோ பாருங்க அசரத்து, கடலுக்கு மேலே கொத்தா நிக்குதே, அதுதான் கார்த்திகை. பொழுது சாயறப்ப அது கிழக்கே ஏறிச்சின்னா கடலை நம்பக் கூடாதுன்னு எங்க அப்பாரு சொல்லுவாரு" என்றார்.

அன்றிரவு நமக்கு நேர்ந்த நாணமே இக்கட்டுரைக்கு வித்து. அம்மீன்கூட்டத்தை உலகின் பண்டைய மக்கள் எவ்வாறு கண்டனர் என்று தேடத் தொடங்கினோம். தேடல் நம்மைக் கிரேக்க நாட்டிற்கு இட்டுச் சென்றது.

நம் முன்னோர் யவனர் என்றழைத்த கிரேக்க மக்கள் இரவையும் அதன் ஒளிகளையும் பெண்களாகவே கண்டனர். கி.மு. 700 அளவில் வாழ்ந்த ஹெசியோட் என்னும் புலவர், தெய்வங்களின் பிறப்பைக் கூறும் நூலொன்றை யாத்தார். அதன்படி, நிக்ஸ் என்பவள் இரவு. பகல் அவள் வயிற்றிற் பிறந்தது. தேயா என்பவள் ஈன்ற மக்கள் மூவர்: கதிரவனாகிய ஹீலியோஸ், திங்களாகிய செலீனி, வைகறையாகிய ஈயோஸ். அவ்வைகறை மங்கையே காற்றுகளையும் விடிவெள்ளியையும் ஏனைய விண்மீன்களையும் பெற்றெடுத்தாள். அஸ்டீரியா என்று மற்றொருத்தி. அவள் பெயருக்கே 'விண்மீனாள்' என்பது பொருள்.

இவர்களோடு, வானத்தைத் தாங்கும் அட்லஸ் என்பானின் புதல்வியர் எழுவரும் இருந்தனர். ஒரையன் என்னும் வேட்டுவன் துரத்த, அவர்கள் விண்ணேறி மீன்களாயினர் என்பது கதை. பிளையடீஸ் எனப்படும் இவ்வெழுவரே நம் கார்த்திகைக் கூட்டம். வெறுங்கண்ணுக்கு ஆறு மட்டுமே தெரிவானேன் என்பதற்கும் அவர்கள் கதை வைத்திருந்தனர்: மானிடன் ஒருவனை மணந்த மெரோப்பி என்னும் தங்கை நாணத்தால் முகம் மறைத்துக்கொண்டாளாம்.

தமிழரோ கண்ணுக்குத் தெரிந்ததையே எண்ணினர். சங்க நூல்கள் அதனை 'அறுமீன்' என்றன. முருகனுக்குப் பாலூட்டிய தாயர் அறுவர் என்பது இந்நாட்டுக் கதை. அரபு மொழியில் 'ஸுரையா' என்பது செழிப்பு என்னும் பொருள்கொண்ட வேரிலிருந்து பிறந்த பெண்பாற் சொல். அதன் பின்னே வரும் செம்மீனுக்கு அரபியர் 'தபரான்', அதாவது பின்தொடர்வோன், எனப் பெயரிட்டனர். அவன் ஸுரையாவை மணம் பேசி, ஒட்டகக் கன்றுகளை ஓட்டிக்கொண்டு அவள் பின்னே அலைகிறான் என்பது பாலைவனத்துக் கதை. கிரேக்கரின் வேட்டுவனும் அரபியரின் மணவாளனும் வெவ்வேறு மீன்களாயினும், ஓடும் பெண்ணும் துரத்தும் ஆணும் இரு கதைகளிலும் இருத்தல் காண்க!

மூன்று நாட்டாரும் அங்குப் பெண்ணையே கண்டனர் என்பது வியப்பு. எனினும், கதைகளை அகற்றிவிட்டு நோக்கின் அதனினும் பெரிய வியப்பொன்று வெளிப்படுகிறது.

ஆண்டுதோறும் இம்மீன்கூட்டம் கதிரவனின் ஒளியில் மறைந்து, சில வாரங்கள் காணாமற் போகும். நாற்பது இரவும் பகலும் அது மறைந்திருக்கும் என்றும், அது மீண்டும் வைகறையில் எழும்போது அறுவடை தொடங்குக என்றும் ஹெசியோட் உழவர்க்கு உரைத்தார். மதீனாவில் நபித்தோழர் ஸைத் இப்னு ஸாபித் (ரலி) அவர்கள், ஸுரையா உதித்துக் கனியின் நிறம் தெளிவாகும்வரை தம் தோட்டத்துக் கனிகளை விற்பதில்லை என்று ஹதீஸ் நூலில் காண்கிறோம். தமிழ்நாட்டில் மே மாதத்தில் 'அக்கினி நட்சத்திரம்' என்று நாம் அஞ்சுகிறோமே, அது யாது? கதிரவன் கார்த்திகையை ஒட்டி நடக்கும் காலமே அது. கார்த்திகைக்கு உரிய தெய்வம் அக்கினி என்பது பழைய சோதிட வழக்கு. ஆகவே, கிரேக்க உழவனும் மதீனத்துத் தோட்டக்காரரும் காணாது காத்திருந்த மீனும், நாம் வியர்வை துடைத்துக்கொண்டே பெயர் சொல்லும் மீனும் ஒன்றேயாகும்.

கடலுக்கு வருவோம். கார்த்திகைக் கூட்டம் வைகறையில் மேற்கே கடலில் வீழும் காலத்தில் காற்றுகள் சீறும்; அப்போது கலத்தைக் கரையேற்றிவிடுக என்பது ஹெசியோட் தந்த எச்சரிக்கை. மீனவப் பெரியவரோ, அது அந்தியில் கிழக்கே எழுவதைக் கூறினார். இவை முரண் அல்ல. கதிரவனுக்கு நேர் எதிரே அம்மீன் நிற்கும் நாட்களில், அந்தியில் எழுவதும் அதுவே. இரவெல்லாம் வானில் உலவி வைகறையில் வீழ்வதும் அதுவே. ஒருவர் இரவின் தலைவாயிலில் நின்று கண்டார்; மற்றவர் கடைவாயிலில் நின்று கண்டார். ஹெசியோட் காலத்திற்கும் நம் காலத்திற்கும் இடையே அந்நாட்கள் சில வாரங்கள் பின்தள்ளிப் போயுள்ளன என்பது உண்மை. ஆயினும், வடகிழக்குப் பருவக்காற்று வீசும் சோழமண்டலக் கரைக்கு அக்குறி இன்றும் பொருந்துகிறது. 2016 டிசம்பர் 12இல் சென்னையருகே கரை கடந்த வர்தா புயலும், 2020 நவம்பர் இறுதியில் புதுச்சேரியருகே கரை கடந்த நிவர் புயலும் கார்த்திகை மாதத்தில் வந்தவையே.

அப்படியாயின், மீன்தான் புயலைக் கொணர்கிறதா? இவ்விடத்தில்தான் கிரேக்கர் தடுமாறினர். இஸ்லாத்திற்கு முந்திய அரபியரும் தடுமாறினர். காலத்தைக் காட்டும் குறியை, காலத்தை ஆளும் தெய்வமாக அவர்கள் கொண்டனர். இன்ன மீனால் மழை பெய்தது என்று கூறும் வழக்கத்தை நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் கண்டித்தார்கள். விண்மீனையும் திங்களையும் கதிரவனையும் ஒவ்வொன்றாய் நோக்கி, மறையக்கூடியவற்றை இறைவனாக ஏற்க மறுத்த நபி இப்ராஹீம் (அலை) அவர்களின் வரலாற்றைத் திருமறையின் ஆறாம் அத்தியாயம் கூறுகிறது. அதே அத்தியாயமே, தரையிலும் கடலிலும் இருளில் வழி காண விண்மீன்கள் அமைக்கப்பட்டன என்றும் உரைக்கிறது. மீன் வணக்கத்திற்குரியதன்று, ஆனால் கற்றற்குரியது.

நம் முன்னோர் இவ்வேறுபாட்டை நன்குணர்ந்தனர். தெய்வக் கதைகளில் மயங்காமலே கிரேக்கரின் வானநூலைக் கற்றனர். தாலமியின் பெருநூல் 'அல்மஜஸ்தி' என்று அரபு மொழியில் வழங்கிற்று. அப்துர் ரஹ்மான் அஸ்ஸூஃபீ 964ஆம் ஆண்டளவில் இயற்றிய நூல், கிரேக்கரின் மீன் உருவங்களையும் அரபியர் வழங்கிய பெயர்களையும் ஒருங்கே தந்தது. பதினைந்தாம் நூற்றாண்டின் கடலோடி இப்னு மாஜித், விரலளவால் மீன்களின் உயரம் கண்டு கலம் செலுத்தும் முறையை விரிவாக எழுதினார்.

இந்திய மரபும் அரபு மரபும் இங்கே கைகோப்பதைக் காணலாம். திங்கள் தங்கும் மனைகள் நமக்கு 27, அரபியர்க்கு 28. கார்த்திகை நம் வரிசையில் மூன்றாவது, ஸுரையாவும் மூன்றாவது. ரோகிணி நான்காவது, தபரானும் நான்காவது. சித்திரை பதினான்காவது, அரபியரின் ஸிமாக்கும் பதினான்காவது. கேட்டை பதினெட்டாவது, கல்பும் பதினெட்டாவது. இவை பெயர் மட்டும் வேறான ஒரே மீன்களாம்.

பழவேற்காட்டுப் பள்ளிவாசலில் நிழற்கடிகாரம் ஒன்று உண்டு. பகலில் கதிரவனின் நிழல் தொழுகை நேரம் உரைக்க, இரவில் குப்பத்து மீனவர்க்கு விண்மீன் பொழுது உரைத்தது. இன்று தொழுகை நேரத்திற்குக் கைக்கடிகாரமும், கடலுக்குத் திசைகாட்டும் கருவியும், புயலுக்கு வானிலை எச்சரிக்கையும் உள. அவை உயிர் காப்பவை. அவற்றை நாம் குறை கூறோம். ஆனால், கருவி வந்ததால் கண் பழுதாகிவிடலாமா? அம்முதியவர் தம் தந்தையிடம் கேட்டதைத் தம் மக்களுக்குச் சொன்னாரா என வினவினோம். "அவனுங்களுக்குப் போன் இருக்குது அசரத்து" என்று சிரித்தார். அச்சிரிப்பில் வருத்தம் இருந்தது.

ஏட்டில் சொல்லை வைத்திருக்கும் நாமும், கண்ணில் மீனை வைத்திருக்கும் அவரும் ஒரே கரையில் தனித்தனியே முதுமையடைகிறோம். நாம் இருவரும் மறைந்துவிட்டால், சொல் ஒருபுறமும் மீன் ஒருபுறமுமாய் நின்றுவிடும். ஆகவே, மறுநாள் மாலையும் மாணவர்களை அதே மணல்மேட்டிற்கு அழைத்துச் சென்றோம். இம்முறை ஏட்டையும் எழுதுகோலையும் எடுத்துக்கொண்டோம். பெரியவர் மீன்களைச் சொல்லச் சொல்ல, மாணவர்கள் தமிழ்ப் பெயரையும் அரபுப் பெயரையும் அருகருகே எழுதினர். முதல் வரியில், 'கார்த்திகை - ஸுரையா' என்று எழுதியவன், நம்மை வினவிய அச்சிறுவனே.