காசு கொடுத்து வாங்கிய கேமுக்கு சாவி எங்கே?



வங்கிக்காரன் என்பதால் என்னிடம் வருகிற கேள்விகள் பெரும்பாலும் வட்டி, ஈ.எம்.ஐ., நாமினி சமாச்சாரமாகத்தான் இருக்கும். போன மாதம் பக்கத்துக் குவார்ட்டர்ஸ் நண்பர் ஒருவர் கேட்டது கொஞ்சம் வித்தியாசமானது. "சார், எஃப்.டி. ரசீது தொலைஞ்சா டூப்ளிகேட் கொடுக்கிறீங்க. சென்னையில பையனுக்கு வாங்கின கேம் சி.டி. இருக்கு, பில்லும் இருக்கு. அதுல ஒட்டியிருந்த நம்பரைத்தான் காணோம். அதுக்கு யார் சார் டூப்ளிகேட் கொடுப்பா?"

நான் பி.காம். படித்தவன், கணினிப் பொறியாளன் இல்லை. ஆனால் யோசித்துப் பார்த்தால் இது கணினிக் கேள்வியே இல்லை. ஒரு பொருளை வாங்கினேன் என்பதற்கு என்ன அத்தாட்சி, அது யார் கையில் இருக்கிறது என்கிற கேள்வி. எங்கள் தொழிலே அதுதானே! எனவே கொஞ்சம் பழைய கதையிலிருந்து ஆரம்பிக்கிறேன்.

புத்தகமே சாவியாக இருந்த காலம்

மென்பொருளைக் காசு கொடுக்காமல் நகல் எடுக்கிறார்கள் என்ற புலம்பல், வீட்டுக் கணினி பிறந்த கையோடு பிறந்தது. 1976 பிப்ரவரியில் பில் கேட்ஸ் கணினி ஆர்வலர்களுக்கு ஒரு பகிரங்கக் கடிதமே எழுதினார். நாங்கள் எழுதிய பேசிக் மென்பொருளை உங்களில் பலர் திருடுகிறீர்கள் என்பதுதான் அதன் சாராம்சம்.

கேம் கம்பெனிகள் ஆளுக்கு ஒரு உபாயம் செய்தன. எலைட் என்ற விண்வெளி விளையாட்டின் ஸ்பெக்ட்ரம் பதிப்போடு 1985-ல் ஒரு பிளாஸ்டிக் லென்ஸ் கொடுத்தார்கள். திரையில் எழுத்துகள் சிதைந்து தெரியும், லென்ஸை வைத்துப் பார்த்தால் சரியாகத் தெரியும். சில பெட்டிகளில் வேறு கேமுக்கான லென்ஸைப் போட்டு அனுப்பிவிட, காசு கொடுத்து வாங்கியவர்களே விளையாட முடியாமல் போனது!

நம்மில் நாற்பதைத் தாண்டியவர்களுக்கு பிரின்ஸ் ஆஃப் பெர்ஷியா நினைவிருக்கும். தொண்ணூறுகளில் ஊருக்கு ஊர் முளைத்த கம்ப்யூட்டர் சென்டர்களில் டேலி கற்கப் போன பாதிப் பேர் உண்மையில் கற்றது அதைத்தான் :-) அந்த கேமின் டாஸ் பதிப்பில் ஆரம்பத்திலேயே ஒரு அறை வரும், நிறைய மருந்துக் குப்பிகளோடு. கையேட்டில் இன்ன பக்கம், இன்ன வரி, இன்ன சொல்லின் முதலெழுத்து எதுவோ அந்தக் குப்பியைக் குடிக்க வேண்டும். கையேடு இல்லாதவனுக்கு சாவுதான். 1990-ல் வந்த மங்கி ஐலண்ட் கேமில் இரண்டு அட்டை வட்டங்களைச் சுழற்றி எண்ணைக் கண்டுபிடிக்க வேண்டும்.

அந்தக் காலச் சாவி கையில் பிடிக்கக்கூடிய பொருளாக இருந்தது. தொலைந்தால் தொலைந்ததுதான். ஆனால் நண்பனிடம் இருந்தால் ஜெராக்ஸ் எடுத்துக்கொள்ளலாம். நம்மூர் ஜெராக்ஸ் கடைகள் இந்த விஷயத்தில் உலகத் தரம்.

தன்னைத்தானே சரிபார்க்கும் எண்

சி.டி. வந்ததும் கையேடு சுருங்கி, அட்டையின் பின்னால் ஒரு ஸ்டிக்கர் வந்தது. அதுதான் சி.டி. கீ. இந்த எண்களைச் சும்மா கண்டபடி அச்சடித்துவிட மாட்டார்கள். உள்ளே ஒரு கணக்கு ஒளிந்திருக்கும்.

ஐ.பி.எம்.மில் வேலை பார்த்த ஹான்ஸ் பீட்டர் லூன் என்பவர் 1954-ல் ஒரு முறைக்குக் காப்புரிமை கேட்டு விண்ணப்பித்தார், 1960-ல் கிடைத்தது. எண்ணின் கடைசி இலக்கத்தை மற்ற இலக்கங்களிலிருந்து கணக்கிட்டுப் போட்டுவிட்டால், தட்டச்சுப் பிழையை இயந்திரமே கண்டுபிடித்துவிடும். உங்கள் கிரெடிட் கார்டு எண் இன்றும் அந்த முறையில்தான் இருக்கிறது. ஆதாரின் 12 இலக்கங்களில் கடைசியும் இப்படிச் சரிபார்க்கும் இலக்கம்தான், கணக்கு மட்டும் வேறு. சி.டி. கீயும் இந்தக் குடும்பத்துப் பிள்ளை. விண்டோஸ் 95-ன் கடைப் பதிப்பில் கணக்கு ரொம்பவே எளிது. பின்பகுதியில் வரும் ஏழு இலக்கங்களின் கூட்டுத்தொகை 7-ஆல் வகுபட வேண்டும், அவ்வளவுதான். எல்லாவற்றுக்கும் 1 போட்டாலே ஏற்றுக்கொள்ளும்!

பூட்டு பலவீனம்தான். ஆனால் ஒரு நல்ல குணம் இருந்தது. யாரையும் கேட்காது. எண் சரியா என்பதை உங்கள் கணினியே உட்கார்ந்த இடத்தில் பார்த்துச் சொல்லிவிடும். தீவில் இருப்பவனுக்கு இதன் அருமை தெரியும்.

"ஹெட் ஆபீஸைக் கேட்டுச் சொல்கிறேன்"

2001-ல் விண்டோஸ் எக்ஸ்.பி.யோடு ஆக்டிவேஷன் என்ற சொல் வீட்டுக்கு வீடு வந்தது. 25 எழுத்துச் சாவி இருந்தால் மட்டும் போதாது, மைக்ரோசாஃப்ட் சம்மதிக்கவும் வேண்டும். இணையம் இல்லையா, போன் போட்டு நீளமான எண்ணை ஒப்பித்து, பதிலுக்கு இன்னொரு நீளமான எண்ணை எழுதிக்கொள்ளுங்கள்.

வங்கியில் கோர் பேங்கிங் வந்தபோது நடந்ததும் இதேதான். அதற்கு முன் உங்கள் லெட்ஜரும் மாதிரிக் கையெழுத்து அட்டையும் அந்தக் கிளையிலேயே இருந்தன. பிறகு கணக்கு எங்கேயோ ஒரு சர்வருக்குப் போனது. எந்தக் கிளையிலும் பணம் எடுக்கலாம் என்ற வசதி வந்தது. கூடவே "சிஸ்டம் டவுன், நாளைக்கு வாங்க" என்பதும் வந்தது.

கேம் உலகில் இந்தத் திருப்பத்தைச் செய்தது வால்வ் நிறுவனம். 2004 நவம்பர் 16-ல் வெளிவந்த ஹாஃப்-லைஃப் 2-ஐ, கடையில் தட்டு வாங்கினாலும், அவர்களின் ஸ்டீம் கணக்கில் இணைத்தால்தான் ஆட முடியும். 2008-ல் எலக்ட்ரானிக் ஆர்ட்ஸின் ஸ்போர் கேம், மூன்று கணினிகளில் மட்டுமே ஆக்டிவேட் செய்யலாம் என்ற நிபந்தனையோடு வந்தது. கோபமடைந்தவர்கள் அமேசானில் ஒற்றை நட்சத்திரமாகப் போட்டுக் குவித்தார்கள். பிறகு எண்ணிக்கை ஐந்தானது.

அந்த 2004 நவம்பர், டிசம்பர்

அதே 2004 நவம்பர் 5-ம் தேதி நம் உச்ச நீதிமன்றத்தில் ஒரு தீர்ப்பு வந்தது. டாடா கன்சல்டன்சி சர்வீசஸ் எதிர் ஆந்திரப் பிரதேச அரசு. வழக்கு விற்பனை வரி பற்றியது. தட்டில் பதிந்து கடையில் விற்கப்படும் மென்பொருள் 'சரக்கு'தானா என்று கேட்டார்கள். சரக்குதான் என்றது ஐந்து நீதிபதிகள் அமர்வு. அரிசி மூட்டை மாதிரி, சினிமா கேசட் மாதிரி, அதுவும் வாங்கி விற்கும் பொருள்.

பதினோரு நாள் கழித்து, தட்டு கையில் இருந்தாலும் போதாது என்றது ஹாஃப்-லைஃப் 2.

டிசம்பர் 26-ல் சுனாமி. அந்தமான் நிக்கோபாரில் அன்று என்ன போனது என்று இங்கே இருக்கிறவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. உயிர்கள் போனதன் முன்னால் காகிதம் பெரிதில்லைதான். ஆனால் உயிர் பிழைத்தவர்கள் அடுத்த வாரமே காகிதத்தைத் தேட வேண்டியிருந்தது. பாஸ்புக், ரேஷன் கார்டு, பட்டா, பள்ளிச் சான்றிதழ். என்னுடையது என்று சொல்ல ஒரு தாள் வேண்டும், அந்தத் தாள் கடலில் இருக்கிறது. இயற்கைப் பேரிடரில் ஆவணம் இழந்தவர்களுக்கு அடையாள விதிகளைத் தளர்த்திக் கணக்குத் தொடங்கலாம் என்று ரிசர்வ் வங்கி வழி வைத்திருப்பது இதற்காகத்தான்.

இப்போது நண்பரின் கேள்விக்கு வருகிறேன். எஃப்.டி. ரசீது தொலைந்தால் டூப்ளிகேட் தர முடிவது ஏன்? ரசீது பணமில்லை. பணம் எங்கள் புத்தகத்தில் உங்கள் பெயரில் இருக்கிறது. ஒரு இண்டெம்னிட்டி பாண்டு எழுதி வாங்கிக்கொண்டு இன்னொரு ரசீது கொடுக்கலாம். ரூபாய் நோட்டு தொலைந்தால் தர முடியாது, அது யார் கையில் இருக்கிறதோ அவருக்குச் சொந்தம்.

பழைய சி.டி. கீ என்பது ரூபாய் நோட்டு. ஸ்டீம் மாதிரிக் கணக்கில் சேர்த்துவிட்ட கேம் என்பது எஃப்.டி. முதலாவது தொலையும். இரண்டாவது தொலையாது, ஆனால் புத்தகத்தை வைத்திருப்பவரின் தயவில் இருக்கும்.

கடல் நடுவே ஆக்டிவேஷன்

2020 வரை இந்தத் தீவுகளின் இணையம் முழுக்கச் செயற்கைக்கோளை நம்பியிருந்தது. சுமார் 36,000 கி.மீ. மேலே போய் இறங்க வேண்டும். கேள்வி போய் பதில் வருவதற்கே அரை வினாடி. அந்தக் குறுகலான பாதையில்தான் அரசு அலுவலகம், வங்கி, மருத்துவமனை, கல்லூரி எல்லாமே. அதற்கு நடுவே ஒரு பையன் பல ஜி.பி. கேமை இறக்குவதாவது! அதனால்தான் மெயின்லேண்ட் போய்வருகிறவர்கள் ரிச்சி ஸ்ட்ரீட்டில் தட்டாக வாங்கி, மூன்று நாள் கப்பலில் சுமந்து வந்து ஹட்டோ துறைமுகத்தில் இறங்கினார்கள். இங்கே அது வெறும் பொழுதுபோக்குச் சாமான் இல்லை. பிள்ளைக்கு ஊரிலிருந்து கொண்டுவந்த பண்டம்.

2020 ஆகஸ்ட் 10-ல் சென்னையிலிருந்து போர்ட் பிளேயருக்கும் மற்ற ஏழு தீவுகளுக்கும் சுமார் 2,300 கி.மீ. கடலடிக் கேபிள் திறக்கப்பட்டது. போர்ட் பிளேயர் பெயரும் 2024-ல் ஸ்ரீ விஜய புரம் ஆகிவிட்டது. இப்போது கேம் இறக்குவது பெரிய காரியமில்லை. ஆனால் பழைய தட்டுகளுக்கு வேறு எதிரி இருக்கிறது. இங்கத்திய ஈரக்காற்றில் ஸ்டிக்கரின் பசை விட்டுப்போகும், எழுத்து மங்கும், அட்டை பூஞ்சை பிடிக்கும்.

எங்கே தேடலாம்?

1. தட்டின் உறை, கையேட்டின் கடைசிப் பக்கம், பெட்டிக்குள் சொருகிய துண்டுத்தாள். பாதிக் கேஸ்கள் இங்கேயே முடியும்.

2. முன்பு அந்த கேம் ஓடிய பழைய கணினி. பல பழைய கேம்கள் நிறுவும்போது சாவியை விண்டோஸ் ரெஜிஸ்ட்ரியில் எழுதி வைக்கும். கணினியே போய்விட்டாலும், ஹார்ட் டிஸ்க் உயிரோடிருந்தால் தெரிந்தவரிடம் கொடுத்துப் பார்க்கலாம். எனவே பழைய கணினியைக் காயலான் கடைக்குப் போடுமுன் யோசியுங்கள்.

3. மின்னஞ்சல். இணையத்தில் வாங்கியிருந்தால் சாவி அஞ்சலிலேயே வந்திருக்கும். ஸ்டீமில் சேர்த்த கேமுக்குத் தனிச் சாவி இருந்தால், லைப்ரரியில் அந்த கேமின் மெனுவிலேயே காட்டும்.

4. வெளியிட்ட நிறுவனத்தின் உதவிப் பிரிவு. பில், தட்டு, உறை மூன்றையும் படமெடுத்து அனுப்புங்கள். கொடுத்தே ஆக வேண்டும் என்பதில்லை, ஆனால் கேட்பதில் நட்டமில்லை. விற்றவர் ஏமாற்றியதாகத் தோன்றினால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915.

5. "கீ ஜெனரேட்டர்" என்று இலவசமாகக் கிடைப்பதைத் தொடவே வேண்டாம். நெட் பேங்கிங் செய்யும் அதே கணினியில் பையன் அதை ஓட்டினால் என்ன ஆகும் என்று நான் விளக்க வேண்டுமா?

இன்னொன்று. சாவி கிடைத்தாலும் கேம் ஓடும் என்று உறுதியில்லை. சேஃப்டிஸ்க் என்ற பூட்டுடன் வந்த பழைய தட்டுகளை 2015-ல் வந்த விண்டோஸ் 10 ஏற்பதில்லை. பாதுகாப்பு ஓட்டை இருக்கிறது என்று அதற்கான டிரைவரையே எடுத்துவிட்டார்கள்.

புத்தகத்தை மூடினால்?

எனக்கு உறுத்துவது இதுதான். வங்கி மூழ்கினால் டெபாசிட்டுக்கு 5 லட்சம் வரை காப்பீடு உண்டு. பத்து வருடம் தொடாத கணக்கு ரிசர்வ் வங்கியின் நிதிக்குப் போனாலும், வாரிசு வந்து கேட்டால் திருப்பித் தர வேண்டும். கேம் சர்வரை மூடினால்? 2014-ல் வந்த தி க்ரூ என்ற கார் பந்தய கேமை யூபிசாஃப்ட் 2024 மார்ச் 31-ல் நிறுத்தியது. காசு கொடுத்து வாங்கியவர்கள் கையிலும் அது செத்துப்போனது. தட்டு வைத்திருந்தவர்களுக்கும் அதே கதி. அதையொட்டி ஐரோப்பாவில் எழுந்த மனுவில் பத்து லட்சத்துக்கும் மேற்பட்டோர் கையெழுத்திட்டார்கள். கலிஃபோர்னியாவில் 2025 முதல், உரிமம் மட்டும் கொடுத்துவிட்டு 'வாங்குங்கள்' என்று சொல்லி விற்பவர், அது உரிமம்தான் என்று தெளிவாகச் சொல்ல வேண்டும் என்று சட்டமே வந்துவிட்டது.

நம் உச்ச நீதிமன்றம் 2004-ல் சரக்கு என்றது வரிக்காகத்தான். சரக்கு என்று வரி கட்டிய வாடிக்கையாளனுக்கு, சரக்கு வாங்கியவனின் பாதுகாப்பும் வேண்டாமா?

அது வரும்போது வரட்டும். மூன்று வருடத்துக்கு ஒரு ஊர் என்று மாற்றலாகிற நம்மைப் போன்றவர்கள் வீட்டில் ஒரு நோட்டுப் புத்தகம் போடுங்கள். கேமின் பெயர், வாங்கிய தேதி, சாவி எண், எந்த மின்னஞ்சலில் கணக்கு. பிள்ளைகளையே எழுதச் சொல்லுங்கள். தன் சொத்துக்குத் தானே கணக்கு வைக்கும் முதல் பாடம் அவர்களுக்கு அதுவாக இருந்துவிட்டுப் போகட்டும். அந்த நோட்டை பாஸ்புக் வைக்கிற அதே பெட்டியில் வையுங்கள்.